ஊர் சொன்ன வரலாறு: செனகல் நாட்டு ஆவணப்படக் கலைஞர் சாஃபி ஃபாய்

கல்வெட்டும் செப்பேடும் ஏட்டுச்சுவடியும் இல்லாத மக்களுக்கும் நேற்று என்று ஒன்று உண்டு. அவர்களுக்கும் முன்னோர் உண்டு. பெற்ற பேறும் பட்ட துயரும் உண்டு. அவற்றை அவர்கள் நாவிலும் செவியிலும் வைத்துக் காத்தனர். பாட்டன் சொல்லப் பேரன் கேட்டான். தாய் பாட மகள் கற்றாள். எழுத்தையே சான்றாகக் கொள்ளும் உலகம் இவ்வகை வரலாற்றைக் கட்டுக்கதை என்று நெடுங்காலம் ஒதுக்கி வைத்தது. ஆப்பிரிக்காவிற்கு வரலாறே இல்லை என்று ஐரோப்பிய அறிஞர் சிலர் துணிந்து கூறியதற்கும் இதுவே காரணமாயிற்று.

இக்கூற்றை மறுத்தவருள் தலையாயவர் மாலி நாட்டு அறிஞர் அமாது ஹம்பாத்தே பா. 1960 ஆம் ஆண்டு யுனெஸ்கோ அவையில் பேசிய அவர், ஆப்பிரிக்காவில் ஒரு முதியவரின் இறப்பு ஒரு நூலகம் எரிந்து போவதற்கு ஒப்பானது என்னும் கருத்தை முன்வைத்தார். அக்கருத்து உலகெங்கும் பரவியது. ஆயினும் எரியும் நூலகத்தைக் காப்பது எவ்வாறு? முதியவர் சொல்வதை எழுதிக் கொள்ளலாம். எழுதும்போது சொல் எஞ்சும்; குரல் போய்விடும். குரலின் ஏற்ற இறக்கம், இடையில் விழும் மௌனம், கேட்டிருக்கும் சிறுவரின் முகம், பின்னணியில் கேட்கும் உலக்கையின் ஓசை ஆகிய யாவும் போய்விடும். ஒலியும் ஒளியும் ஒருங்கே அமைந்த ஒரு கருவி இக்குறையை நீக்கக் கூடும். அக்கருவியைத் தன் சொந்த ஊரின் மரத்தடிக்குக் கொண்டு சென்ற பெண்மணியே சாஃபி ஃபாய். மேற்கு ஆப்பிரிக்காவின் செனகல் நாட்டைச் சேர்ந்த இவருடைய வாழ்வும் பணியும், வரலாற்றைச் சொல்லும் உரிமை யாருக்கு உரியது என்னும் வினாவிற்கு விடையாக அமைந்தவை.

ஆட்சியாளர் கையில் இருந்த கருவி

திரைப்படக் கருவி ஆப்பிரிக்காவிற்குப் புதியதன்று. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கம் முதலே ஐரோப்பியர் அதனை அங்குக் கொண்டு சென்றனர். அவர்கள் ஆப்பிரிக்கரைப் படம் பிடித்தனர்; ஆப்பிரிக்கர் படம் பிடிக்க இடம் தரவில்லை. 1934 ஆம் ஆண்டு பிரெஞ்சுக் குடியேற்ற நாடுகளின் அமைச்சராக இருந்த பியேர் லவால் ஓர் ஆணையைப் பிறப்பித்தார். அதன்படி, மேற்கு ஆப்பிரிக்காவில் படம் எடுப்பதாயினும் ஒலியைப் பதிவு செய்வதாயினும் ஆட்சியாளரின் முன் அனுமதி வேண்டும். ஆணை படத்தை மட்டும் கட்டுப்படுத்தவில்லை, ஒலியையும் கட்டுப்படுத்தியது. மக்களின் முகத்தைப் போலவே அவர்களுடைய குரலும் அஞ்சத்தக்கது என்பதை ஆட்சியாளர் நன்கு அறிந்திருந்தனர்.

ரெனே வொத்தியே என்னும் பிரெஞ்சு இளைஞர், பள்ளி மாணவர்க்கு ஆப்பிரிக்க வாழ்வைக் காட்டும் கல்விப்படம் எடுப்பதற்காக அனுப்பப்பட்டவர். அங்குக் கண்ட கொடுமைகளைக் கண்டவாறே படமாக்கி, 'ஆப்பிரிக்கா 50' என்று அதற்குப் பெயரிட்டார். அதற்காக மேற்குறித்த ஆணையின்கீழ்ச் சிறைத்தண்டனை பெற்றார். பெனினில் பிறந்து பாரிசில் திரைக்கலை பயின்ற பொலான் வியெய்ராவும் அவர்தம் நண்பரும் ஆப்பிரிக்காவில் படமெடுக்க வழியின்றி, 1955 ஆம் ஆண்டு பாரிசு நகரிலேயே, அங்கு வாழும் ஆப்பிரிக்கரைக் கொண்டு 'சேன் ஆற்றங்கரை ஆப்பிரிக்கா' என்னும் குறும்படத்தை எடுத்தனர். தாய்மண்ணைக் காட்ட இயலாத கலைஞர் அயல்மண்ணில் தம்மவரைக் காட்டியமை அக்காலத்தின் நிலையை விளக்கப் போதுமானது.

1960 ஆம் ஆண்டு செனகல் விடுதலை பெற்றது. மார்செய்த் துறைமுகத்தில் சுமை தூக்கிப் பின்னர்ப் புதின ஆசிரியராக உயர்ந்த உஸ்மான் செம்பேன், தம் நூல்களைத் தம் மக்களுள் பெரும்பாலோர் படிக்க இயலாமை கண்டு திரைப்படத்திற்கு வந்தார். தலைநகர் டாக்காரில் வண்டியோட்டிப் பிழைக்கும் ஏழை ஒருவனின் ஒரு நாள் வாழ்வை 1963 ஆம் ஆண்டு அவர் குறும்படமாக்கினார். ஆப்பிரிக்கர் தம்மைத் தாமே காணும் காலம் இவ்வாறு தொடங்கிற்று.

அந்நாளில் ஆப்பிரிக்க மக்களின் வழக்காறுகளைப் படமாக்குவதில் பெரும்புகழ் பெற்றிருந்தவர் பிரெஞ்சு மானிடவியலாளர் ழான் ரூஷ். 1965 ஆம் ஆண்டு செம்பேனும் அவரும் நேருக்கு நேர் உரையாடினர். மானிடவியலாளர் எம்மைப் பூச்சிகளை நோக்குவது போல் நோக்குகின்றனர் என்பது செம்பேன் சாற்றிய குற்றம். நோக்குவோர்க்கும் நோக்கப்படுவோர்க்கும் இடையே உள்ள இந்தத் தொலைவே சாஃபி ஃபாய் பின்னாளில் கடக்க முயன்ற தொலைவாகும்.

ஆசிரியர் கலைஞரான வரலாறு

சாஃபி ஃபாய் 1943 ஆம் ஆண்டு டாக்காரில் பிறந்தார். இவருடைய பெற்றோர் செரேர் இனத்தவர். அவர்களுடைய சொந்த ஊர் டாக்காருக்குத் தெற்கே உள்ள ஃபாட்ஜால் என்னும் சிற்றூர். செரேர் மக்கள் உழவர். தாய்வழி உறவைப் பெரிதும் போற்றுபவர். முன்னோரின் ஆவிகளை வழிபடும் பழைய சமயக் கூறுகளை இசுலாம், கிறித்துவம் ஆகியவற்றை ஏற்ற பின்னரும் கைவிடாதவர்.

ஆசிரியப் பயிற்சி பெற்ற சாஃபி ஃபாய் 1960களில் டாக்காரில் பள்ளி ஆசிரியராகப் பணியாற்றினார். 1966 ஆம் ஆண்டு அந்நகரில் கறுப்பினக் கலைகளின் உலக விழா நடைபெற்றது. செனகலின் முதல் குடியரசுத் தலைவரும் பிரெஞ்சு மொழிக் கவிஞருமான லியோபோல்டு செதார் செங்கோரின் பெருமுயற்சியால் அமைந்த விழா அது. அவ்விழாவிலேதான் சாஃபி ஃபாய், ழான் ரூஷைச் சந்தித்தார். ரூஷ் இயக்கி 1971 இல் வெளிவந்த 'சிறிது சிறிதாக' என்னும் படத்தில் இவர் நடித்தார். அப்படத்தின் கதைப்போக்கு சுவையானது. நைஜர் நாட்டு ஆப்பிரிக்கர் ஒருவர் பாரிசுக்குச் சென்று, ஐரோப்பிய ஆய்வாளர் ஆப்பிரிக்கரை அளந்ததைப் போலவே பாரிசு மக்களை நிறுத்தி வைத்து அளக்கிறார். நோக்கப்பட்டவர் நோக்குபவராக மாறும் இவ்வேடிக்கையில் இளம் ஆசிரியை ஒருத்திக்கு ஆழ்ந்த படிப்பினை இருந்திருத்தல் கூடும்.

பின்னர்ப் பாரிசு சென்ற இவர் இரு கலைகளை ஒருங்கே பயின்றார். உயர்கல்வி நிறுவனத்தில் மானிடவியல் கற்றார். லூயி லூமியேர் திரைப்படப் பள்ளியில் ஒளிப்பதிவு கற்றார். ஒன்று கேட்கவும் ஆராயவும் கற்பிப்பது. மற்றொன்று காட்டக் கற்பிப்பது. 1972 இல் 'வழிச்செல்பவள்' என்னும் முதற் குறும்படத்தை எடுத்தார். பாரிசுத் தெருவில் நடக்கும் ஆப்பிரிக்கப் பெண்ணைப் பிறர் எவ்வாறு நோக்குகின்றனர் என்பதே அதன் பொருள். அப்பெண்ணாக அவரே நடித்தார். அதன் பிறகு அவர் தம் ஊர் நோக்கித் திரும்பினார்.

உழவனின் குரல்

'கட்டு பெய்க்காட்' என்னும் திரைப்படம் 1975 இல் வெளிவந்தது. வொலோஃப் மொழியில் இத்தொடர்க்கு 'உழவனின் குரல்' என்பது பொருள். பிரெஞ்சு மொழியில் இதற்கு 'உழவர் கடிதம்' என்னும் பெயர் அமைந்தது. சகாராப் பாலைக்குத் தெற்கே உள்ள ஆப்பிரிக்க நாடுகளில் பிறந்த பெண் ஒருவர் இயக்கி, வணிக முறையில் திரையிடப்பட்ட முதல் முழுநீளப் படம் இதுவே என்பர்.

இப்படத்தின் பொருளை உணர நிலக்கடலையின் வரலாற்றை அறிதல் வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி முதல் பிரெஞ்சு நாட்டு எண்ணெய் ஆலைகளுக்கு வேண்டிய நிலக்கடலையைச் செனகல் விளைவித்தது. வரியைப் பணமாகக் கட்ட வேண்டியிருந்தமையால் உழவர் தம் உணவுத் தானியமான கம்பைக் குறைத்துக் கடலையைப் பெருக்கினர். ஒரு நாட்டின் வாழ்வு ஒரே பயிரின்மேல் நின்றது. விடுதலைக்குப் பின்னும் அந்நிலை மாறவில்லை. 1966 இல் நிறுவப்பட்ட அரசு வாரியம் ஒன்று கடலையை வாங்கியும், விதையையும் கருவிகளையும் கடனாகக் கொடுத்தும் வந்தது. 1960களின் பிற்பகுதியில், உலகச் சந்தையினும் உயர்ந்த விலை கொடுத்துக் கடலையை வாங்கும் வழக்கத்தைப் பிரான்சு கைவிட்டது. அதே வேளையில் சாகெல் பகுதி முழுவதையும் கொடிய வறட்சி பற்றியது. மழை பொய்த்தது; விலை வீழ்ந்தது; கடன் மட்டும் வளர்ந்தது.

இவ்வளவையும் சாஃபி ஃபாய் புள்ளிவிவரங்களாகச் சொல்லவில்லை. ஓர் எளிய காதலின் வழியே சொன்னார். ங்கோர் என்னும் இளைஞன் கும்பா என்னும் பெண்ணை மணக்க விரும்புகிறான். கடலை விளைச்சல் பொய்த்தமையால் மணப்பெண்ணுக்குரிய பரிசப் பணத்தைத் தர அவனால் இயலவில்லை. பொருள் தேடி டாக்காருக்குச் செல்கிறான், சிறு வேலைகளில் உழல்கிறான், சுரண்டப்படுகிறான், ஊர் திரும்பித் தான் பட்டதைப் பிறர்க்கு உரைக்கிறான். உலகச் சந்தையில் ஏற்பட்ட ஒரு விலைவீழ்ச்சி ஓர் ஊரின் திருமணத்தை நிறுத்தும் ஆற்றல் உடையது என்பதனை இதனினும் தெளிவாக உணர்த்தல் அரிது.

படத்தில் நடித்தவர்கள் தொழில்முறை நடிகர் அல்லர், ஊர் மக்களே. அவர்கள் தத்தம் வாழ்வையே நடித்தனர். உண்மைப்படம், புனைபடம் என்னும் பாகுபாட்டைத் தாம் பெரிதாகக் கொள்வதில்லை என்பது சாஃபி ஃபாயின் நிலைப்பாடு. அவருடைய பாட்டனாரும் இப்படத்தில் தோன்றினார். படப்பிடிப்பு முடிந்த 11 நாள்களில் அம்முதியவர் காலமானார். படம் அவருக்கே படைக்கப்பட்டது. ஹம்பாத்தே பா கூறிய எரியும் நூலகம் இங்கு உவமையாக நில்லாமல் ஒரு குடும்பத்தின் நிகழ்ச்சியாகவே ஆயிற்று. ஒரு மழைக்காலம் தாழ்த்தியிருப்பின் அம்முகமும் அக்குரலும் எஞ்சியிரா.

தடையும் அதன் பொருளும்

அயல்நாட்டில் இப்படம் பாராட்டப்பட்டது. 1975 இல் பிரான்சின் ழார்ழ் சதூல் பரிசையும், 1976 இல் பெர்லின் திரைப்பட விழாவில் அனைத்துலகத் திறனாய்வாளர் பரிசையும் பெற்றது. தாய்நாட்டிலோ அதற்குத் தடை விதிக்கப்பட்டது. படத்தில் உழவர் மரத்தடியில் கூடியிருந்து கடலை விலையையும் கடன் சுமையையும் அரசின் வேளாண்மைக் கொள்கையையும் வெளிப்படையாகப் பேசுகின்றனர்.

இத்தடை ஆழ்ந்து எண்ணத்தக்கது. செங்கோர் செரேர் இனத்தவர். ஃபாட்ஜாலுக்கு அணித்தாயுள்ள ஜோவால் என்னும் ஊரிலே பிறந்தவர். கறுப்பின மக்களின் பண்பாட்டுப் பெருமையை உலகறியச் செய்தவர். ஆப்பிரிக்கக் கலைகளுக்கு மாபெரும் விழா எடுத்தவர். அத்தகையவர் ஆட்சியிலேதான் ஒரு செரேர்ச் சிற்றூரின் குரல் தடுக்கப்பட்டது. உழவனின் ஆடலும் பாடலும் பண்பாடு எனப் போற்றப்பட்டன. அவன் தன் கடனைப் பற்றிப் பேசிய பேச்சு அவ்வாறு போற்றப்படவில்லை. பண்பாட்டைக் கண்காட்சிப் பொருளாக்கும் எந்த அரசும் எதிர்கொள்ளும் இடர் இது. பாடும் வாய்தான் பசியையும் சொல்லும். ஒன்றைக் கேட்டு மற்றொன்றை அடைத்துவிட முடியாது.

அக்காலச் செனகலில் மொழியும் இத்தகைய போராட்டக் களமாக இருந்தது என்பதை மொழி ஆசிரியர்கள் சிறப்பாக நோக்குதல் தகும். 1970களின் தொடக்கத்தில் செம்பேனும் மொழியறிஞர் பாத்தே தியாஞும் வொலோஃப் மொழியில் ஓர் இதழைத் தொடங்கினர். அதன் பெயரும் 'கட்டு' என்பதே. சொல், குரல் எனப் பொருள்படுவது. பின்னர் செம்பேனின் 'செட்டோ' என்னும் திரைப்படம் செனகலில் தடை செய்யப்பட்டபோது, அப்பெயரில் ஒரு மெய்யெழுத்து இரட்டித்து எழுதப்பட்டமை அரசின் எழுத்திலக்கணத்திற்கு முரண் என்பது காரணமாகக் காட்டப்பட்டது. சமயமும் ஆட்சியும் பற்றிய அப்படத்தின் கருத்துகளே உண்மைக் காரணம் என்று கருதியோர் பலர். ஆயினும் தாய்மொழியின் ஓர் எழுத்து அரசவையில் வழக்காகும் அளவிற்கு அந்நாட்டில் சொல்லுக்கு எடை இருந்தது.

பாட்டன் சொன்ன பாடம்

சாஃபி ஃபாயின் படைப்புகளுள் வரலாற்று மாணவர்க்கு மிகவும் பயன் தருவது 1979 இல் வெளிவந்த 'ஃபாட்ஜால்' ஆகும். 'பாட்டன் சொல்கிறார்' என்பது அதன் மற்றொரு பெயர். ஹம்பாத்தே பாவின் கருத்தே படத்தின் முகப்பில் அமைந்துள்ளது.

படத்தின் தொடக்கப் பகுதியிலே ஒரு வகுப்பறை காட்டப்படுகிறது. செரேர்ச் சிறுவர் பிரெஞ்சு மொழியில் வரலாற்றுப் பாடம் ஒப்பிக்கின்றனர். பாடம் பதினான்காம் லூயி மன்னனின் பெருமை பற்றியது. கடல் கடந்த நாட்டின் பழைய மன்னனைத் தம் மன்னனே போல் அப்பிள்ளைகள் மனப்பாடம் செய்கின்றனர். நாடு விடுதலை பெற்றுப் பத்தொன்பது ஆண்டுகள் ஆன பின்னரும் பாடம் மாறவில்லை. பிறகு படம் ஊரின் பெருமரத்தடிக்கு நம்மை அழைத்துச் செல்கிறது. அங்குச் சிறுவர் சூழ்ந்திருக்கப் பாட்டனார் ஊரின் வரலாற்றைச் சொல்கிறார். வகுப்பறையில் ஒப்பித்த அதே தலைமுறை இங்குக் கேட்கிறது. முன்னது பிறர் வரலாறு. பின்னது தம் வரலாறு. இவ்விரண்டையும் அடுத்தடுத்து வைத்ததன்றிச் சாஃபி ஃபாய் வேறு விளக்கம் எதுவும் தரவில்லை. ஒருகாலத்தில் அவரே பள்ளி ஆசிரியராக இருந்தவர் என்பதை நினைத்தால் இக்காட்சியின் வலிமை மேலும் விளங்கும்.

பாட்டனார் சொல்லும் வரலாற்றின்படி அவ்வூரைத் தோற்றுவித்தவர் ஒரு பெண். ஊர்ப் பெயரிலும் ஒரு செய்தி உண்டு. 'ஃபாட்' என்பது வருதலையும் 'ஜால்' என்பது உழைத்தலையும் குறிக்கும் என்பர். இவ்வூருக்கு வருபவன் உழைக்க வேண்டும் என்பதே பெயரின் பொருள். ஓர் ஊரின் பெயரே அதன் சட்டமாக அமைந்தது என்று கூறலாம்.

முதியவர் சொல்லும் பழைய நிகழ்ச்சிகளை இளைஞர் நடித்துக் காட்டுகின்றனர். நேற்றைய கதையில் இன்றைய முகங்கள் தோன்றுகின்றன. அதனிடையே ஊரின் அன்றாட வாழ்வும் ஓடுகிறது. பிறப்பு, இறப்பு, அறுவடை, ஆடல் என ஒன்றன்பின் ஒன்றாக வருகின்றன. பழமை தனியே, புதுமை தனியே என்று பிரித்தறிய இயலாதவாறு இரண்டும் பின்னிக் கிடக்கின்றன.

நிலமும் நினைவும்

இவ்வளவில் நின்றிருந்தால் 'ஃபாட்ஜால்' ஓர் அழகிய நினைவுச் சின்னமாக மட்டும் இருந்திருக்கும். அதனை வரலாற்று ஆவணமாக உயர்த்துவது அதன் மற்றொரு பகுதி. 1964 ஆம் ஆண்டு செனகல் அரசு தேசிய நிலச் சட்டத்தை இயற்றியது. பதிவேட்டில் ஏறாத நிலம் அனைத்தும் தேசத்தின் உடைமையாயிற்று. உழுபவர்க்குப் பயன்படுத்தும் உரிமை உண்டு. உடைமை உரிமை இல்லை. பழைய நிலக்கிழார் வாங்கி வந்த வாரத்தை ஒழிப்பதும், நிலம் வணிகப் பொருளாவதைத் தடுப்பதும் இச்சட்டத்தின் நோக்கங்கள். நோக்கம் நன்றே. ஆனால் ஃபாட்ஜால் போன்ற ஊர்களில் நிலத்திற்குப் பத்திரம் ஏது? முன்னோர் காடு திருத்திய கதையே அங்குப் பத்திரம். அக்கதையை அறிந்த முதியவரே பதிவாளர். தாளில் இல்லாத உரிமை சட்டத்தின் கண்ணுக்குத் தெரியவில்லை. படத்தில் ஊரார் கூடி இச்சட்டம் குறித்து முறையிடுகின்றனர்.

ஊர் பிறந்த கதையும் நிலம் பறிபோகும் அச்சமும் ஒரே படத்தில் இணைந்தமை தற்செயலன்று. இந்நிலத்தை முதலில் திருத்தியவர் யார், அவர் வழியில் வந்தவர் யார் என்பதைப் பாட்டனார் சொல்லும்போது, அது பொழுதுபோக்குக்கான பழங்கதையாக நிற்பதில்லை. ஒரு வழக்கில் அளிக்கப்படும் சான்றுரையாகவே மாறுகிறது. கதையைக் கேட்கும் சிறுவர் அவ்வழக்கின் அடுத்த தலைமுறைச் சாட்சிகள். வாய்மொழி மரபைக் காப்பது என்பது பழமைமேல் கொண்ட பற்று மட்டும் அன்று. வாழும் மக்களின் உரிமையைக் காப்பதும் ஆகும். சாஃபி ஃபாயின் பணி அனைத்திற்கும் இக்கருத்தே அடிப்படையாக விளங்குகிறது.

ஒலியும் ஒளியும்

இவருடைய படங்களில் ஒலி ஒளிக்கு அடிமையாக இருப்பதில்லை. அந்நாளைய மானிடவியல் படங்களில் ஆப்பிரிக்கர் ஆடுவர், பாடுவர், உழைப்பர். ஆனால் அவர்கள் என்ன செய்கின்றனர் என்பதை ஐரோப்பிய மொழியில் ஓர் அறிஞரின் குரல் விளக்கும். காட்சி ஆப்பிரிக்கருடையது, பொருள் அறிஞருடையது. சாஃபி ஃபாய் இம்முறையை மாற்றினார். ஊரார் தம் மொழியிலேயே பேசினர். பேச்சை இடையில் அறுக்காமல் அது முடியும்வரை கருவி காத்திருந்தது. மரத்தடிக் கூட்டத்தில் ஒருவர் பேசி முடித்த பிறகே மற்றவர் பேசுவர். அவ்வொழுங்கே படத்தின் நடையும் ஆயிற்று. அவசரக்காரர்க்கு இந்நடை மெதுவாகத் தோன்றும். முதியவரின் நினைவு அவ்வேகத்திலேதான் நடக்கும் என்பதை உணர்ந்தோர்க்கு அது பொருத்தமாகவே தோன்றும்.

'உழவனின் குரல்' படத்தில் ஒரு விளக்கக் குரல் உண்டு. ஆனால் அது ஓர் அறிஞரின் குரலாக ஒலிக்காமல், ஊரின் மகள் எழுதும் கடிதமாக ஒலிக்கிறது. நலம் விசாரித்துத் தொடங்கி, ஊர்ச் செய்திகளை ஒவ்வொன்றாகச் சொல்லிச் செல்லும் அக்கடிதத்தைப் பிரெஞ்சு மொழியில் அவரே படிக்கிறார். ஊராரின் பேச்சு அவர்தம் மொழியில் நிகழ்கிறது. வெளியுலகிற்கு ஒரு மொழி, தமக்குள் ஒரு மொழி என்னும் குடியேற்றக்கால மக்களின் இரட்டை வாழ்வு, சொல்லாமலே செவியில் பதிகிறது. கடித வடிவத்தை அவர் பின்னும் கையாண்டார். 1980 இல் எடுத்த 'நான், உன் தாய்' என்னும் படத்தில், பெர்லினில் பயிலும் செனகல் மாணவன் ஒருவனுக்கு வீட்டிலிருந்து கடிதங்கள் வருகின்றன. கடிதம் எழுதுபவர் செய்தியை மட்டும் அனுப்புவதில்லை. தமக்கும் பெறுபவர்க்கும் உள்ள உறவையும் சேர்த்தே அனுப்புகிறார். ஆய்வுரையில் கிட்டாத அண்மை கடிதத்தில் கிட்டுகிறது.

பெண்களின் உழைப்பும் இவருடைய கண்ணுக்குத் தப்பவில்லை. 1980களின் தொடக்கத்தில் எடுத்த 'செல்பே' என்னும் குறும்படம், எட்டுப் பிள்ளைகளின் தாய் ஒருத்தியின் நாளைக் காட்டுகிறது. கணவன் வேலை தேடி ஊரை விட்டுச் சென்றமையால் குடும்பச் சுமை முழுவதும் அவள் தலைமேல் விழுகிறது. 'உழவனின் குரல்' படத்தில் ங்கோர் நகருக்குச் சென்ற கதையைக் கண்டோம். அவ்வாறு சென்றோரின் வீட்டில் எஞ்சியவர் கதையை இங்குக் காண்கிறோம்.

இறுதிப் பெரும் படைப்பு

1990 ஆம் ஆண்டு 'மோசான்' என்னும் புனைபடத்தைச் சாஃபி ஃபாய் படமாக்கினார். அழகே பகையாக அமைந்த பதினான்கு வயதுச் சிறுமி ஒருத்தியின் கதை அது. அவளை அயல்நாட்டில் பொருளீட்டும் ஒருவனுக்கு மணமுடிக்கக் குடும்பத்தார் விரும்புகின்றனர். அவள் உள்ளமோ ஏழை மாணவன் ஒருவனிடம் உள்ளது. செரேர் மக்களின் முன்னோர் ஆவிகள் பற்றிய நம்பிக்கை கதையோடு கலந்துள்ளது. இது பழங்கதை போல் தோன்றினும் அவரே புனைந்தது. மரபை நன்கு அறிந்தவரே அதன் மொழியில் புதிய கதை சொல்ல வல்லவர். படத்தின் உரிமை பற்றிய வழக்கால் அது வெளிவருவது பல ஆண்டுகள் தடைப்பட்டது. 1996 இல் கான் திரைப்பட விழாவில் அது காட்டப்பட்டது.

இப்படத்தில் ஒலிக்கும் குரலுக்கு உரியவர் யாந்தே கொது சேன். பாணர் மரபை ஒத்த செரேர்ப் பாடகர் மரபில் வந்த இவர், செங்கோரின் புகழைப் பாடிய பாடினியாகவும் விளங்கியவர். பின்னாளில் செனகலின் இளைய தலைமுறை இயக்குநரான ஆஞ்செல் தியாபாங், இம்முதிய பாடினியைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தார். அது 2008 இல் வெளிவந்தது. 2010 இல் பாடினி மறைந்தார். பாட்டனாரை மகள் வழிப் பேத்தியோ மகன் வழிப் பேத்தியோ பதிவு செய்வது குடும்பப் பாசம் எனப்படலாம். அடுத்த தலைமுறைப் பெண்ணொருத்தி மற்றொரு முதியவரின் குரலைப் பதிவு செய்ய முன்வந்தபோது அது மரபாயிற்று.

எஞ்சிய வினா

2018 ஆம் ஆண்டு, 'ஃபாட்ஜால்' பிரெஞ்சு தேசியத் திரைப்பட மையத்தால் புதுப்பிக்கப்பெற்றுக் கான் விழாவின் செவ்வியல் பிரிவில் மீண்டும் திரையிடப்பட்டது. 2023 ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் சாஃபி ஃபாய் பாரிசு நகரில் காலமானார். நூலகம் எரியாமல் காக்க முயன்றவரும் ஒருநாள் மறைந்தார். அவர் காத்தவை அவருடன் மறையவில்லை.

ஆயினும் ஒரு வினா எஞ்சி நிற்கிறது. ஆப்பிரிக்கச் சிற்றூர் ஒன்றின் நினைவைக் காத்த படச்சுருள் மீண்டும் உயிர் பெற்றது, அந்நாட்டை முன்னர் ஆண்ட நாட்டின் நிறுவனம் ஒன்றில். 1934 இல் ஒலியையும் படத்தையும் தடுத்த நாடு, இன்று அவற்றைச் செப்பம் செய்து தருகிறது. இது நன்றியுடன் ஏற்கத்தக்கதே. எனினும் தன் நினைவைத் தானே காக்கும் வாய்ப்பு ஒரு மக்களினத்திற்கு இல்லாதவரை அதன் விடுதலை நிறைவு பெற்றதாகாது. குரலைப் பதிவு செய்வது முதற்கடன். பதிவு செய்ததைக் காப்பது இரண்டாம் கடன். காத்ததைக் குரலுக்கு உரியவரின் பிள்ளைகளுக்கே திருப்பிக் கொடுப்பது மூன்றாம் கடன். மூன்றும் நிறைவேறும்போதே வரலாறு மக்களுடையதாகும்.

சாஃபி ஃபாய் பேரரசரைப் பாடவில்லை, பெரும்போர்களைக் காட்டவில்லை. கடலை விலை, நிலச் சட்டம், நின்றுபோன திருமணம், எட்டுப் பிள்ளைகளின் தாய் ஆகியவையே அவர் எடுத்துக்கொண்ட பொருள்கள். அவற்றை அவர் ஊராரின் வாயாலேயே சொல்ல வைத்தார். முதியவர் பேச வேண்டும். இளையோர் கேட்க வேண்டும். கேட்டோர் மீண்டும் சொல்ல வேண்டும். இச்சங்கிலியில் ஒரு கண்ணி அறுந்தாலும் ஊர் ஊமையாகிவிடும். அது அறுந்துவிடும் என்று தோன்றிய காலத்தில், ஒரு பள்ளி ஆசிரியை தம் கையிலிருந்த கருவியால் அதனை இணைத்தார் என்பதே இவர் வாழ்வு உணர்த்தும் வரலாற்றுண்மை.